சட்டசபைக்குப் போன டாக்டரம்மா

எங்கள் புதுக்கோட்டைப் பக்கத்துக் கிராமங்களில் ஒரு பெண் முழுகாமல் இருக்கிறாள் என்று தெரிந்தால், வீட்டில் சீக்கிரமே எழும் பேச்சுகளில் ஒன்று ‘முத்துலட்சுமி பணம்’. “நர்சம்மா, முத்துலட்சுமி பணத்துக்கு எழுதியாச்சா? எப்ப வரும்?” கிராம சுகாதாரச் செவிலியராக நான் வேலை பார்த்த காலத்தில் இந்தக் கேள்வி காதில் விழாமல் ஒரு வாரம் கழிந்ததில்லை. ஓய்வு பெற்று, எழுபதை நெருங்கும் இந்த வயதிலும் சந்தையில் என்னைப் பார்க்கிற பெண்கள் பழைய பழக்கத்தில் அதையேதான் கேட்கிறார்கள். எனக்கும் அது பிடித்திருக்கிறது. ஒரு நல்ல பெயர் ஊர்வாயில் புழங்குவது சாதாரண விஷயமா?

அரசாங்கக் காகிதத்தில் அதன் முழுப் பெயர் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு நிதியுதவித் திட்டம். 1987இல் சிறிய தொகையோடு தொடங்கியது. 2006இல் ஆறாயிரம் ரூபாய் ஆனது. 2011இல் பன்னிரண்டாயிரம், 2018இல் பதினெட்டாயிரம் என்று உயர்ந்தது. பணம் வாங்குகிறவர்கள் லட்சக்கணக்கில் இருக்க, பெயருக்கு உரியவர் யார் என்று தெரிந்தவர்கள் குறைவு. அவர் இப்போதைய மந்திரி என்று நினைத்தவர்கள் உண்டு. பணம் அனுப்பும் பெரிய அதிகாரி என்று நினைத்தவர்களும் உண்டு. வேலைக்குச் சேர்ந்த புதிதில் நானும் அவரைப் பற்றி அதிகம் அறிந்திருக்கவில்லை. அவர் கதையை எனக்குச் சொன்னவர், எங்கள் ஆரம்ப சுகாதார நிலையத்தில் இருந்த ஒரு பெண் மருத்துவர். அவர் சொல்ல நேர்ந்த சந்தர்ப்பம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது.

செவ்வாய்க்கிழமை கர்ப்பிணிகள் வரும் நாள். தொகையை ஆறாயிரமாக உயர்த்திய சமயம் அது. கூட்டம் திண்ணை வரை நிற்கும். ஒரு தாய் தன் மகளைக் கூட்டிக்கொண்டு வந்தாள். மகளுக்குப் பதினேழு வயது. ஐந்தாவது மாதம். திட்டத்தில் பணம் பெறப் பத்தொன்பது வயது நிரம்பியிருக்க வேண்டும். தாய் என் கையைப் பிடித்துக்கொண்டாள். “நர்சம்மா, பத்தொன்பதுன்னு போட்டுருங்க. ரெண்டு வருசந்தானே? யாருக்குத் தெரியப்போகுது?” படிவத்தில் வயதை மாற்ற முடியாது என்று சொன்னேன். அவள் அழ ஆரம்பித்தாள். இருவரையும் டாக்டரம்மாவிடம் அழைத்துப் போனேன்.

அவர் வயதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. பெண்ணை நாற்காலியில் உட்கார வைத்து, கட்டைவிரலால் கீழிமையை மெல்ல இழுத்துப் பார்த்தார். உள்பக்கம் வெளுத்துக் கிடந்தது. நகத்தை அழுத்திப் பார்த்தார். நாக்கை நீட்டச் சொன்னார். “ரத்தமே இல்லையேம்மா” என்றார். அந்தப் பெண்ணின் கையைத் தன் கைக்குள் வைத்துக்கொண்டு, இரும்புச் சத்து மாத்திரையை எப்போது போடுவது, அதன்மேல் டீ குடித்தால் ஏன் பலன் குறையும், முருங்கைக் கீரையையும் கேழ்வரகையும் எப்படிச் சேர்ப்பது என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். வரிசை நீண்டுகொண்டே போனது. அவர் அவசரப்படவில்லை. எல்லாம் முடிந்த பிறகு தாயைப் பார்த்துக் கேட்டார்: “வீட்டுல இன்னும் பொம்பளப் புள்ள இருக்கா?”

இருந்தாள். தங்கை ஒன்பதாவது படித்துக்கொண்டிருந்தாள். அவளுக்கும் மாப்பிள்ளை பார்த்தாயிற்று.

அன்று சாயங்காலம் டாக்டரம்மா என்னையும் அழைத்துக்கொண்டு அந்த வீட்டுக்குப் போனார். அப்பாக்காரர் கயிற்றுக் கட்டிலில் இருந்து எழுந்து நின்றார். “அய்யா, உக்காருங்க. சண்டை போட வரல” என்று சொல்லிவிட்டு, டாக்டரம்மா திண்ணையில் உட்கார்ந்தார். பதினெட்டுக்கு முன்னால் கல்யாணம் செய்வது குற்றம் என்பதைச் சொன்னார். அதோடு நிறுத்தவில்லை. பெரியவள் உடம்பு எந்த நிலையில் இருக்கிறது, பிரசவத்தில் என்னென்ன ஆபத்து வரலாம் என்று ஒரு தகப்பனுக்குப் புரியும்படி எடுத்துச் சொன்னார். சின்னவள் பத்தாவது முடித்துப் பதினெட்டும் நிரம்பிவிட்டால், மூவலூர் ராமாமிர்தம் அம்மையார் பெயரில் அப்போது இருந்த திருமண உதவித் திட்டத்தில் அரசாங்கமே பணம் தரும் என்றார். அப்பாக்காரர் வெகுநேரம் ஒன்றும் பேசவில்லை. கடைசியில், “மாப்ள வீட்டுல சொல்லிப் பாக்குறேன்” என்றார்.

திரும்பி நடந்து வரும்போதுதான் டாக்டரம்மா முத்துலட்சுமி ரெட்டியின் கதையைச் சொன்னார். “சிஸ்டர், நாம இன்னிக்கு ஒரு வீட்டுல செஞ்சதை அவங்க ஒரு மாகாணத்துக்கே செய்யப் பாத்தாங்க” என்று தொடங்கினார். பிறகு நானே தேடிப் படித்ததையும் சேர்த்து இங்கே சொல்கிறேன்.

1886ஆம் ஆண்டு ஜூலை 30ஆம் தேதி புதுக்கோட்டை சமஸ்தானத்தில் பிறந்தவர் முத்துலட்சுமி. தந்தை நாராயணசாமி ஐயர் மகாராஜா கல்லூரியின் முதல்வர். தாய் சந்திரம்மாள், கோயிலுக்குப் பெண்களைப் பொட்டுக்கட்டி விடும் வழக்கம் இருந்த சமூகத்திலிருந்து வந்தவர். ஊர் மதிப்பது ஒரு பக்கம், ஊர் ஒதுக்குவது ஒரு பக்கம் என்று இரண்டையும் ஒரே வீட்டுக்குள் பார்த்து வளர்ந்த குழந்தை. பையன்கள் மட்டும் படித்த அந்தக் கல்லூரியில் அவர் சேர விண்ணப்பித்தபோது எதிர்ப்பு பலமாக இருந்தது. ராஜா மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் தலையிட்டு அனுமதி கொடுத்தார். வகுப்பில் அவருக்கும் பையன்களுக்கும் நடுவே திரை கட்டினார்கள். திரைக்குப் பின்னால் உட்கார்ந்து படித்தவர், 1907இல் சென்னை மருத்துவக் கல்லூரியில் சேர்ந்தார். 1912இல் மருத்துவப் பட்டத்தோடு வெளியே வந்தார். எழும்பூர் பிரசவ ஆஸ்பத்திரியில் பணியாற்றினார்.

1914இல் டாக்டர் சுந்தர ரெட்டியை மணந்தார். தன்னைச் சமமாக நடத்த வேண்டும், தன் விருப்பங்களுக்குக் குறுக்கே நிற்கக் கூடாது என்று முன்கூட்டியே பேசிக்கொண்டு செய்த கல்யாணம். அந்தக் காலத்துக்கு இது எத்தனை பெரிய துணிச்சல் என்பதைக் கல்யாணப் பேச்சுகளைப் பக்கத்திலிருந்து பார்த்த என் போன்றவர்கள் அறிவார்கள். அந்த ஒப்பந்தத்தை அவர் கணவரும் காப்பாற்றினார் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். மேற்படிப்புக்காக மனைவி லண்டன் போனபோது அவரும் குழந்தைகளோடு உடன் போனார்.

அங்கிருந்து திரும்பிய பிறகுதான் அரசியல் அவரைத் தேடி வந்தது. சென்னை மாகாணத்தில் பெண்களுக்கு 1921இல் வாக்குரிமை கிடைத்திருந்தாலும், சட்டசபையில் உறுப்பினராக உட்காரும் வழி 1926இல்தான் திறந்தது. அந்தத் தேர்தலில் மங்களூர்ப் பக்கம் போட்டியிட்ட கமலாதேவி சட்டோபாத்யாய் சொற்ப வாக்குகளில் தோற்றார். இந்திய மாதர் சங்கத்தார் முத்துலட்சுமியின் பெயரை முன்வைக்க, அரசு அவரைச் சட்டசபைக்கு நியமித்தது. வைத்தியத் தொழில் கெட்டுவிடுமே என்ற தயக்கம் அவருக்கு இருந்தது. இருந்தும் ஒப்புக்கொண்டார். சபை கூடியதும் உறுப்பினர்கள் ஒருமனதாக அவரைத் துணைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தார்கள். அன்றைய பிரிட்டிஷ் இந்தியாவில் சட்டசபைக்குள் போன முதல் பெண் அவர்தான்.

அவர் சபையில் என்ன பேசினார் என்று பார்த்தால், ஒரு டாக்டர் பேசுகிறார் என்பது உடனே தெரிந்துவிடும். பள்ளிக்கூடத்தில் படிக்கும் பெண் குழந்தைகளைப் பெண் டாக்டர்கள் பரிசோதிக்க வேண்டும் என்றார். குழந்தைகளுக்கென்று தனி ஆஸ்பத்திரி வேண்டும் என்றார். ஏழைப் பெண்களுக்குப் படிப்பில் சலுகை வேண்டும் என்றார். 1928இல், கல்யாண வயதைப் பெண்ணுக்குக் குறைந்தது பதினாறு, ஆணுக்கு இருபத்தொன்று என்று உயர்த்தத் தீர்மானம் கொண்டுவந்தார். பத்து, பன்னிரண்டு வயதில் கல்யாணம் நடந்துகொண்டிருந்த காலம் அது. மறுவருஷம் வந்த சாரதா சட்டம் பெண்ணுக்குப் பதினான்கு என்ற அளவிலேயே நின்றது. இன்று அவர் பெயரிலுள்ள திட்டப் படிவத்தில் பத்தொன்பது என்று இருக்கிறது. அந்த எண்ணை எழுதும்போதெல்லாம், அது வந்து சேர்ந்த தூரத்தை நான் நினைத்துக்கொள்வேன்.

அவருடைய பெரிய போராட்டம் பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிப்பது. 1927இல் அதற்கான தீர்மானத்தைச் சபையில் வைத்தார். சமயத்தில் கை வைக்கலாமா, கலை அழிந்துவிடாதா என்று படித்தவர்களே கேட்டார்கள். காங்கிரஸ் தலைவர் சத்தியமூர்த்தியும் எதிர்ப்பக்கம் நின்றார். அந்தச் சமூகத்துப் பெண்களிலேயே ஒரு பகுதியினர் கூடி மனுக் கொடுத்தார்கள். பெங்களூர் நாகரத்தினம்மாள் போன்ற பெரிய கலைஞர்கள் அவர்களோடு இருந்தார்கள். எங்கள் நிலம் போய்விடும், ஆட்டமும் பாட்டும் போய்விடும், எங்கள் எல்லோரையும் ஒரே மாதிரி இழிவாகப் பேசுகிறீர்கள் என்பது அவர்களுடைய வருத்தம்.

இந்த வருத்தத்தைப் பொய் என்று நான் சொல்ல மாட்டேன். பின்னாளில் அந்த ஆட்டம் வேறு வீடுகளுக்குப் போய்ப் பெரும்புகழ் பெற்றது. அதைத் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றிய பெண்களில் பலருக்கு அந்தப் புகழில் பங்கு கிடைக்கவில்லை. நல்ல சட்டத்துக்கும் பக்கவிளைவு உண்டு. மருந்து கொடுத்துப் பழகிய எங்களுக்கு இது தெரியும். ஆனால் பால்மணம் மாறாத ஒரு சிறுமியின் வாழ்க்கையை, அவளுக்கு விவரம் தெரியும் முன்பே மற்றவர்கள் முடிவு செய்துவிடும் ஒரு வழக்கத்தை, எந்தக் கலையின் பெயராலும் வைத்துக்கொள்ள முடியாது. அதில் முத்துலட்சுமி சரி என்பதே என் முடிவு.

எதிர்ப்பில் இருந்த நியாயத்தை அவர் காதில் வாங்கினார் என்பதுதான் எனக்கு முக்கியம். 1929இல் இந்து சமய அறநிலையச் சட்டத்துக்கு அவர் முயற்சியால் ஒரு திருத்தம் வந்தது. கோயில் ஊழியம் செய்வதற்காக அந்தப் பெண்களுக்கு இனாமாக விடப்பட்டிருந்த நிலம், ஊழியத்திலிருந்து விடுபட்ட பிறகும் அவர்களிடமே இருக்கலாம் என்று அது வழி செய்தது. ஊழியத்தை எடுத்தால் சோறும் போய்விடும் என்று அஞ்சியவர்களுக்கு, சோற்றுக்கு வழி சொன்ன திருத்தம் அது. சீர்திருத்தம் பேசுகிறவர்கள் பலர் மறந்துவிடும் இடம் இது. ஒருத்தியின் கையிலிருந்து எதையாவது எடுக்கச் சொல்கிறோம் என்றால், நாளை அவள் வீட்டு அடுப்பு எரிவதற்கு நாம்தான் பதில் சொல்ல வேண்டும்.

1930இல் பொட்டுக்கட்டுவதைத் தடுக்கும் மசோதாவைத் தயார் செய்தார். அந்த வருஷம் உப்புச் சத்தியாக்கிரகம். மே மாதம் காந்தியைக் கைது செய்தார்கள். முத்துலட்சுமி தன் பதவியை ராஜினாமா செய்துவிட்டு வெளியே வந்துவிட்டார். உயிராக நினைத்த மசோதா பாதியில் நிற்கிறது. இன்னும் கொஞ்ச காலம் இருந்திருந்தால் நிறைவேற்றியிருக்கலாமே என்று யாருக்கும் தோன்றும். எனக்கும் தோன்றியிருக்கிறது. ஆனால் நியமனத்தால் கிடைத்த நாற்காலியில் இருந்துகொண்டு, நியமித்த அரசு நாட்டுக்குச் செய்வதைப் பார்த்துப் பேசாமல் இருக்க அவரால் முடியவில்லை. அவர் கட்சி வளர்த்தவர் இல்லை. பெண்ணுக்கும் ஆணுக்கும் ஒரே நியாயம் என்பதுதான் அவர் அரசியல். பிற்பாடு வாக்குரிமை பற்றிய விவாதம் வந்தபோதும், பெண்களுக்கென்று தனி ஒதுக்கீடு கேட்பதைவிட வயது வந்த எல்லோருக்கும் வாக்கு வேண்டும் என்று கேட்ட மாதர் அமைப்புகளோடு நின்றார்.

பதவி போனது. மசோதா நின்றது. அதே 1930இல் அவர் வீட்டு வாசலில் சில இளம்பெண்கள் வந்து நின்றார்கள். பொட்டுக்கட்டும் குடும்பத்துப் பெண்கள். அந்த வாழ்க்கை வேண்டாம் என்று வெளியேறியவர்கள். அவர்களைச் சேர்த்துக்கொள்ள விடுதி கிடைக்கவில்லை. பிறப்பைச் சொல்லி விடுதிக்காரர்கள் தயங்கினார்கள். முத்துலட்சுமி அவர்களைத் தன் வீட்டிலேயே தங்க வைத்தார். அப்படித் தொடங்கியதுதான் அவ்வை இல்லம். 1936இல் அடையாறுக்கு இடம் மாறியது. எத்தனையோ பெண்கள் அங்கே படித்து ஆசிரியைகளாகவும் செவிலியர்களாகவும் வெளியே வந்தார்கள்.

எங்கள் டாக்டரம்மா இந்த இடத்தில் நடையை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்துச் சொன்னது இன்னும் ஞாபகம் இருக்கிறது. “சட்டம் வந்ததும் உங்களைக் கவனிக்கிறேன்னு அவங்க சொல்லல பாத்தீங்களா, சிஸ்டர்.” சொல்லவில்லைதான். சட்டம் வந்தது 1947இல், ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார் ஆட்சியில். தீர்மானம் வைத்த நாளிலிருந்து இருபது ஆண்டுகள். இடையில் மூவலூர் ராமாமிர்தம் அம்மையார் அந்த வழக்கத்தை எதிர்த்து ஊர் ஊராகப் போய்ப் பேசினார், 1936இல் நாவலே எழுதினார். அடிமேல் அடி விழுந்துதான் அந்த அம்மி நகர்ந்தது. 1930இலிருந்து அந்தச் சட்டம் வரும்வரை அவ்வை இல்லத்தின் கதவு திறந்தே இருந்தது.

இன்னொரு நிகழ்ச்சியையும் சொல்ல வேண்டும். 1923இல் முத்துலட்சுமியின் தங்கை புற்றுநோயால் இறந்தார். ஆரம்பத்தில் அது சீதபேதி என்று தவறாகக் கணிக்கப்பட்டது. தானே டாக்டராக இருந்தும் தங்கையைக் காப்பாற்ற முடியவில்லையே என்ற வேதனை எந்த அக்காளைத்தான் விடும்? 1935இல் சென்னை மருத்துவக் கல்லூரியின் நூற்றாண்டு விழாவில், புற்றுநோய்க்குத் தனி மருத்துவமனை வேண்டும் என்ற தன் ஆசையைச் சொன்னார். வந்தால் சாவுதான், இதற்கெதற்கு ஆஸ்பத்திரி என்ற பேச்சு பரவலாக இருந்த காலம். 1952இல் நேரு அடிக்கல் நாட்டினார். 1954இல் அடையாறில் பன்னிரண்டு படுக்கைகளோடு புற்றுநோய் மருத்துவமனை திறந்தது. தங்கை போய் முப்பத்தொரு வருஷம். முத்துலட்சுமியின் மகன் டாக்டர் கிருஷ்ணமூர்த்தியும், மறுவருஷம் வந்து சேர்ந்த டாக்டர் சாந்தாவும் தங்கள் ஆயுளையே அங்கே கொடுத்தார்கள். எங்கள் கிராமத்திலிருந்து கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோயோடு நான் அனுப்பிவைத்த பெண்களில் சிலர், அடையாறு போய் வைத்தியம் பார்த்துக்கொண்டு திரும்பி வந்து பேரன் பேத்தி எடுத்தார்கள்.

1968இல் முத்துலட்சுமி மறைந்தார். சட்டசபையில் அவர் இருந்தது நான்கு வருஷத்துக்கும் குறைவு. அந்த நான்கு வருஷத்தில் விதைத்தவற்றில் பல, அவர் வெளியே வந்த பிறகுதான் முளைத்தன.

எங்கள் ஊரில் ஒன்பதாவது படித்த அந்தத் தங்கை என்ன ஆனாள் என்று நீங்கள் கேட்கக்கூடும். பெரியவளுக்கு ரத்தம் ஏற்றி, பெரிய ஆஸ்பத்திரியில் பிரசவம் பார்த்தோம். குழந்தை எடை குறைவு, ஆனால் பிழைத்துக்கொண்டது. சின்னவளின் கல்யாணப் பேச்சை அவள் அப்பா தள்ளிப்போட்டார். அவள் பத்தாவது முடித்தாள். நான் ஓய்வு பெறுவதற்குச் சற்று முன்னால், கல்யாணமாகி உண்டாகி என்னிடம் வந்தாள். முத்துலட்சுமி பணத்துக்கான படிவத்தை அவளே வாங்கி, வயது என்ற கட்டத்தில் இருபது என்று எழுதினாள். எனக்கு அன்று இருந்த சந்தோஷம் சொல்லி முடியாது.

வயதாக ஆக, உலகத்தைச் சீக்கிரம் மாற்றிவிட முடியாது என்பது புரிகிறது. அதற்காக மனம் தளரவும் தேவையில்லை என்பதும் சேர்ந்தே புரிகிறது. ஆஸ்பத்திரியில் ஒரே மாதிரி நோயாளிகள் திரும்பத் திரும்ப வந்தால், நோய்க்குக் காரணம் ஆஸ்பத்திரிக்கு வெளியே இருக்கிறது என்று பொருள். அதை மாற்ற யாராவது பேச வேண்டிய இடத்துக்குப் போய்ப் பேசத்தான் வேண்டும். முத்துலட்சுமி போனார். அங்கே பேசியது நிறைவேறக் காலம் பிடிக்கும். அதுவரை வாசலில் வந்து நிற்பவளுக்குச் சோறும் இடமும் கொடுக்கத்தான் வேண்டும். அதையும் அவர் செய்தார். பெரிய மாற்றத்தைப் பேசுகிற பலர் பக்கத்து வீட்டுக் கஷ்டத்தைக் கவனிப்பதில்லை. பக்கத்து வீட்டுக்கு உதவுகிற பலர் சட்டமும் அரசியலும் நமக்கெதற்கு என்று ஒதுங்கிவிடுகிறார்கள். இரண்டையும் ஒருசேரச் செய்ய முடியும் என்பதற்கு எங்கள் புதுக்கோட்டையில் பிறந்த ஒரு பெண்ணின் வாழ்க்கை சாட்சி.

இன்றைக்கு டாக்டராகவும் நர்சாகவும் வேலைக்கு வரும் பிள்ளைகளுக்கு நான் சொல்ல நினைப்பது இதுதான். மாத்திரை எழுதிக் கொடுத்த பிறகு, வீட்டில் இன்னும் யார் இருக்கிறார்கள் என்று ஒரு வார்த்தை கேளுங்கள். கேட்டதில் தெரிந்ததை, கேட்க வேண்டியவர்கள் காதில் விழும்படி சொல்லுங்கள். பலன் உங்கள் காலத்திலேயே வராமல் போகலாம். அதற்காகச் சொல்லாமல் இருந்துவிடாதீர்கள்.